ஃபெய் மு: ஒரே ஒரு படத்துக்காக மட்டும் ஞாபகம் வச்சுக்கற டைரக்டரா இவர்?

பழையபிரிண்ட்:
வணக்கம் மக்களே. ரொம்ப நாளா எழுதணும்னு தள்ளிப்போட்டுட்டே வந்த விஷயம், இன்னிக்கு லீவு, உக்காந்துட்டேன். 2005ல சீன சினிமாவுக்கு நூறு வயசு ஆச்சுன்னு ஹாங்காங் ஃபிலிம் அவார்ட்ஸ்காரங்க நூறு பெஸ்ட் படம்னு ஒரு லிஸ்ட் போட்டாங்க. முதல் இடம் குங்ஃபூ படத்துக்கும் போகல, ஹாங்காங்கோட பெரிய டைரக்டர் வாங் கார்-வாய்க்கும் போகல. 1948ல ஷாங்காய் கம்பெனி ஒண்ணு எடுத்த 'ஸ்பிரிங் இன் எ ஸ்மால் டவுன்'னு ஒரு கருப்பு வெள்ளைப் படத்துக்குப் போச்சு. மொத்தமே அஞ்சு கேரக்டர், ஒரு இடிஞ்ச வீடு, ஒரு பாழடைஞ்ச கோட்டைச் சுவர், அவ்ளோதான். எடுத்தவர் பேரு ஃபெய் மு. படம் வந்தப்போ பெருசா யாரும் கண்டுக்கல, அடுத்த மூணு வருஷத்துக்குள்ள அவரும் போய்ச் சேந்துட்டார், 44 வயசு.

என் வருத்தம் என்னன்னா, இவரப் பத்தி யார் பேசினாலும் அந்த ஒரு படத்தோட நிறுத்திக்கறாங்க. 1933ல இருந்து 1951 வரைக்கும் அந்த மனுஷன் என்ன பண்ணிட்டு இருந்தார்னு யாரும் கேக்கறதே இல்ல. பாத்தவங்க யாராச்சும் இருந்தா வாங்க, பேசுவோம்.

கடலைமிட்டாய்:
பேரே இப்பதான் கேள்விப்படறேன் அண்ணே. சீனப் படம்னா எனக்கு ஜாக்கி சான்லதான் ஆரம்பம். ஆளு யாரு, எங்கிருந்து வந்தார்னு கொஞ்சம் போடுங்க.

பழையபிரிண்ட்:
@கடலைமிட்டாய் 1906ல ஷாங்காய்ல பொறந்தவர், குடும்பம் சூச்சோ பக்கம். பத்து வயசு வாக்குல பெய்ஜிங் போயிட்டாங்க. பழைய இலக்கியம் வீட்டுல படிச்சவர், ஸ்கூல்ல ஃபிரெஞ்ச். சின்ன வயசுலயே ஒரு கண்ணுல பார்வை போயிடுச்சு. ஒரு கண்ணோட ஒரு சினிமா டைரக்டர், யோசிச்சுப் பாருங்க. ஆரம்பத்துல ஒரு சுரங்கக் கம்பெனில கணக்கு பாத்துட்டு இருந்தார், சைடுல சினிமா விமர்சனம் எழுதிட்டு இருந்தார். அப்பறம் லியன்ஹுவாங்கற சினிமாக் கம்பெனி, 1933ல முதல் படம் 'நைட் இன் த சிட்டி'. ஹீரோயின் யாரு தெரியுமா, ருவான் லிங்யூ. அந்தக் காலத்து சீனால அவங்களவிடப் பெரிய நடிகை கிடையாது. முதல் படத்துலயே அவங்கள வச்சு எடுத்திருக்கார், அடுத்த வருஷம் இன்னும் ரெண்டு படம் அதே ஹீரோயினோட. 1935 மார்ச்ல அந்தம்மா தற்கொலை பண்ணிக்கிட்டாங்க, வயசு 24.

கொடுமை என்னன்னா அந்த மூணு படமும் இப்ப இல்ல. ஒரு ரீல் கூட மிச்சமில்ல.

ராத்திரிஷோ:
வந்துட்டேன் வந்துட்டேன், இந்த ஆளப் பத்தின்னா நான் இல்லாம எப்படி. பழையபிரிண்ட் ப்ரோ சொன்னதுதான் மேட்டரே. இவரோட கரியர்ல பாதி காணாமப் போனது, இருக்கற மீதியும் யாரோ வெட்டினது. 1935ல எடுத்த 'சாங் ஆஃப் சைனா' இருக்கே, அது இன்னிக்கு கிடைக்குதுன்னா காரணம் அமெரிக்காக்காரன் தான். 1936ல நியூயார்க்ல ரிலீஸ் பண்ண வாங்கிட்டுப் போயி அவனுக்குப் புடிச்ச மாதிரி கத்தரிச்சுட்டான், அந்தக் கத்தரிச்ச வெர்ஷன் தான் மிஞ்சி நிக்குது. முழுப்படம் எப்படி இருந்துச்சுன்னு தெரிஞ்சுக்க வழியே இல்ல. வேற ஆள் கத்தரிச்ச புடவைய வச்சு நெய்தவன் எப்படி நெய்திருப்பான்னு பேசற மாதிரிதான் நாம பேசிட்டு இருக்கோம்.

டீக்கடைபெஞ்ச்:
சாங் ஆஃப் சைனா நான் பாத்தேன். உண்மையச் சொல்றேன், செம போர். சாகக்கிடக்கற அப்பாவப் பாக்க மகன் குதிரைல ஓடி வர்றான், அப்பா அட்வைஸ் பண்ணிட்டு கண்ண மூடறார், குடும்பத்து மேல வைக்கற பாசத்த ஊர் மேலயும் வையின்னு. அப்பறம் பேரன் வரைக்கும் அதே அட்வைஸ். அப்ப சீனாவ ஆண்ட சியாங் கை-ஷெக் புதுவாழ்வு இயக்கம்னு ஒண்ணு நடத்திட்டு இருந்தார்ல, ஒழுக்கம், மரியாதை, அடக்கம்னு, அதுக்குப் படம் புடிச்சுக் குடுத்த மாதிரியே இருக்கு. லியன்ஹுவா முதலாளி லுவோ மிங்யூ பேரும் டைரக்டர் கார்டுல சேந்து இருக்கு, அது வேற. இந்த ஆள மேதைன்னு சொல்றதுக்கு முன்னாடி இதையும் சேத்துச் சொல்லுங்க.

ராத்திரிஷோ:
@டீக்கடைபெஞ்ச் கதை அப்படித்தான், நானும் ஒத்துக்கறேன். ஆனா சவுண்ட கவனிச்சீங்களா? பேசாத படம் அது, ஆனா மியூசிக் டிராக் உண்டு, சீன வாத்தியங்கள வச்சே பண்ணியிருக்காங்க. மத்தவங்க அப்ப வெஸ்டர்ன் ரெக்கார்ட போட்டு ஓட்டிட்டு இருந்த நேரம். அதோட அட்வைஸ் சீன்ல எல்லாம் கேமரா தள்ளி நின்னுதான் பாக்குது, அழுகைய மூஞ்சிக்குக் கிட்ட போய் எடுத்து நம்மள பிழியல.

நிழல்வால்:
இந்த இடத்துல அவர் எழுதின ஒரு கட்டுரையச் சொல்லியாகணும். 1934ல 'காத்து'ங்கறத பத்தி சின்னதா ஒண்ணு எழுதினார். காத்துன்னா நாம மூச்சு விடற காத்து இல்ல, நாம 'அந்த வீட்டுக் காத்தே சரியில்ல'ன்னு சொல்றோமே அந்தக் காத்து. ஒரு படத்துக்குள்ள அத எப்படி உண்டாக்கறதுன்னு நாலு வழி சொல்றார். கேமராவோட குணத்தால, படம் புடிக்கற பொருளால, நேரா காட்டாம சுத்தி இருக்கறத வச்சு தொட்டுக் காட்டறதால, அப்பறம் சத்தத்தால. பேசும்படமே சீனாவுக்குப் புதுசா இருந்த காலம் அது, அப்ப 28 வயசுப் பையன் எழுதினது. 1948ல வந்த ஸ்பிரிங்க இத வச்சுக்கிட்டுப் பாத்தா நாலும் அப்படியே இருக்கும், குறிப்பா அந்த மூணாவது. பதினாலு வருஷம் மனசுல போட்டு ஊறவச்சிருக்கார்.

மொட்டமாடி_மாலா:
நிழல்வால் அந்த 'தொட்டுக் காட்டறது' சூப்பர். ஸ்பிரிங்ல ராத்திரி பன்னண்டு மணிக்கு டவுன்ல கரண்ட் நின்னுடும், ஞாபகம் இருக்கா? அதுக்கப்பறம் மெழுகுவத்தி தான். இவங்களுக்குள்ள என்ன ஓடுதுன்னு ஒருத்தரும் வாயத் தொறந்து சொல்றதில்ல, ஆனா பன்னண்டு மணி ஆகப்போகுதுன்னாலே நமக்கு நெஞ்சு அடிச்சுக்கும் 😬

கதை தெரியாதவங்களுக்கு: யூவென்னு ஒரு பொண்ணு, புருஷன் லியான் சீக்காளி, எட்டு வருஷக் கல்யாணம், ரெண்டு பேரும் தனித்தனி ரூம்ல படுத்துக்கறாங்க. சண்டைல குண்டு விழுந்து வீடு பாதி இடிஞ்சு கெடக்கு. கூட புருஷனோட தங்கச்சி, ஒரு வயசான வேலைக்காரர். அப்ப புருஷனோட பழைய ஃப்ரெண்டு ஒரு டாக்டர் பல வருஷம் கழிச்சு வர்றான், அவன்தான் யூவெனோட பழைய காதலன், அது புருஷனுக்குத் தெரியாது. இவ்ளோதான். முத்தம் கூட கைல தான்.

டீக்கடைபெஞ்ச்:
ஸ்பிரிங் நல்ல படம், அதுல எனக்கு சண்டை இல்ல. ஆனா 1948ஐ யோசிங்க. உள்நாட்டுப் போர், பணம் காயிதமா ஆயிடுச்சு, அரிசி வாங்க மூட்டை கட்டி நோட்டு தூக்கிட்டுப் போறாங்க, அந்த நேரத்துல ஒரு வசதியான வீட்டுப் பொண்ணு கோட்டைச் சுவர் மேல நடந்துக்கிட்டு பெருமூச்சு விடறா. அன்னிக்கு இடதுசாரி விமர்சகருங்க கடுப்பானதுல தப்பே இல்லன்னு தோணுது.

பழையபிரிண்ட்:
கடுப்பானாங்க, அது மட்டுமில்ல, 1963ல சீன சினிமா வரலாறுன்னு பெரிய புத்தகம் வந்தப்போ அதுலயும் இந்தப் படத்த சோர்வு, நலிவுன்னு ஓரங்கட்டினாங்க. அதனாலதான் எண்பதுகள் வரைக்கும் வெளிய தெரியவே இல்ல.

ஆனா டீக்கடை அண்ணே, அவர் சண்டையப் பாக்காம இருந்தவர் இல்ல. 1936ல 'ப்ளட் ஆன் வுல்ஃப் மவுன்டன்' எடுத்தார். ஒரு கிராமத்த ஓநாய்ங்க வந்து அடிச்சுட்டுப் போகுது, மலைச்சாமி கோவப்படும், ஓநாய அடிக்காதீங்கன்னு ஒரு கும்பல் பேசிட்டுத் திரியுது, கடைசில ஊரே தீவட்டிய எடுத்துட்டுக் கெளம்புது. ஜப்பான்ங்கற வார்த்தைய படத்துல சொல்ல முடியாது, சென்சார் அப்படி, ஆனா பாத்தவன் எல்லாத்துக்கும் ஓநாய் யாருன்னு தெரியும்.

செங்கோட்டைபாசஞ்சர்:
அந்தப் படத்துல லீ லிலி தான் மெயின். ஆனா சின்ன ரோல்ல லான் பிங்னு ஒரு நடிகை இருக்காங்க, பின்னாடி பேர மாத்திக்கிட்டாங்க. ஜியாங் சிங். ஆமா, மாவோ பொண்டாட்டி தான். அந்தம்மா ஓநாய்க்கு பயப்படற குடும்பப் பொண்ணா நடிச்சிருக்கு, பாத்தா சிரிக்கறதா என்ன பண்றதுன்னே தெரியல.

சிரிப்பு அடங்கினதும் இன்னொண்ணு: சாங் ஆஃப் சைனால மகனா நடிச்ச ஜெங் ஜுன்லி பின்னாடி தானே பெரிய டைரக்டர் ஆனார். ஜியாங் சிங்கோட ஷாங்காய் காலத்துக் கதையெல்லாம் தெரிஞ்சவர். மாவோவோட கலாச்சாரப் புரட்சில தூக்கி உள்ள போட்டாங்க, 1969ல ஜெயில்லயே செத்துட்டார். ஃபெய் மு 1951லயே போனது ஒரு வகைல... சரி விடுங்க, அப்படிச் சொல்லக்கூடாது.

(ஓநாய்ங்க எனக்கு நாய் மாதிரிதான் தெரிஞ்சுது, வேற யாருக்காச்சும் அப்படித் தோணுச்சா?)

மொட்டமாடி_மாலா:
நாய் தான் நாய் தான் 😂 ஒண்ணு வாலக் கூட ஆட்டற மாதிரி இருக்கு.

கடலைமிட்டாய்:
சரி, 36க்கும் 48க்கும் நடுவுல என்ன பண்ணார்? பன்னண்டு வருஷம் சும்மாவா இருந்தார்?

ராத்திரிஷோ:
@கடலைமிட்டாய் அதுதான் எனக்குப் புடிச்ச ஏரியா, நிதானமா படி. 1937ல ஜப்பான் ஷாங்காயப் புடிச்சுட்டான், ஆனா வெள்ளைக்காரன் கைல இருந்த பகுதிக்குள்ள வரல, சுத்தி ஜப்பான், நடுவுல அது மட்டும் தனியா, அதனால 'அநாதைத் தீவு'ன்னே பேரு. அதுக்குள்ள உக்காந்து, சுத்தியும் மத்தவங்க ராஜா காலத்து சண்டைப்படம், பேய்ப்படம்னு எடுத்துத் தள்ளிட்டு இருந்தப்போ இவர் 1940ல கன்ஃபூசியஸ் பத்திப் படம் எடுத்தார். மின்ஹுவான்னு புதுசா ஆரம்பிச்ச கம்பெனி, பணம் போட்டவங்க பாவம், பட்ஜெட் எங்கயோ எகிறிப் போச்சு. அதுவும் எப்படிப்பட்ட கன்ஃபூசியஸ்னா, கோயில்ல வச்சுக் கும்புடற சாமி இல்ல. ஊர் ஊரா அலைஞ்சு ஒரு ராஜாவும் சொன்னத கேக்காம, நடு வழில பட்டினி கெடந்து, புடிச்ச சிஷ்யனுங்க ஒவ்வொருத்தனா செத்துப்போறத பாத்துட்டு உக்காந்திருக்கற கெழவன். ஜெயிக்கற சீனே கிடையாது. செட்டும் அப்படித்தான், ஒரு திரை, ஒரு மேடை, வெறும் வானம், அந்த வெறுமைய பாத்தாலே அந்த வருஷம் ஷாங்காய் எப்படி இருந்திருக்கும்னு தெரிஞ்சிடும்.

டீக்கடை அண்ணே, இத 1935 அட்வைஸ் படத்தோட பக்கத்துல வச்சுப் பாருங்க, அதே கன்ஃபூசியஸ் தான், ஆனா அஞ்சு வருஷத்துல அட்வைஸ் பண்றவர் தோத்துப் போனவரா ஆயிட்டார்.

இந்தப் படமும் தொலைஞ்சுபோச்சு. அறுவது வருஷம் யாரும் பாக்கல. 2001ல யாரோ ஒருத்தர் பேர் சொல்லாம ஹாங்காங் ஃபிலிம் ஆர்க்கைவ்ல ஒரு பிரிண்ட குடுத்துட்டுப் போயிட்டார். கெட்டுப்போன நைட்ரேட் பிரிண்ட், சரி பண்ணி 2009ல தான் திரையிட்டாங்க, அதுலயும் எங்க சேருதுன்னே தெரியாத துண்டுகள் தனியா கெடந்துச்சு.

நிழல்வால்:
ராத்திரிஷோ விட்டத நான் சொல்றேன். 1941ல அதே கம்பெனிக்காக இன்னொரு படம், 'சில்ட்ரன் ஆஃப் த வேர்ல்ட்'. டைரக்ட் பண்ணது ஒரு ஆஸ்திரிய ஜோடி, யாகோப் ஃப்ளெக், லூயிஸ ஃப்ளெக். ஊமைப்படக் காலத்துல இருந்து வியன்னால படம் எடுத்தவங்க, யாகோப் யூதர், நாஜிக்காரன் கேம்ப்ல அடைச்சு வச்சு எப்படியோ வெளிய வந்து விசா கேக்காத ஊர்னு ஷாங்காய்க்கு ஓடி வந்தவங்க. அவங்ககூட சேந்து கதை எழுதினது ஃபெய் மு. பாஷை தெரியாத ரெண்டு அகதிங்க, அநாதைத் தீவுல, சீன நடிகர்கள வச்சு ஒரு படம். இந்தக் கூட்டணியப் பத்தியே யாராச்சும் தனியா ஒரு படம் எடுக்கலாம்.

அப்பறம் 1941 டிசம்பர்ல ஜப்பான் அந்தத் தீவுக்குள்ளயும் வந்துட்டான், சினிமாக் கம்பெனிங்கள எல்லாம் ஒண்ணா சேத்து அவன் கைக்குள்ள வச்சுக்கிட்டான். இவர் சினிமாவே வேணாம்னு நாடகத்துக்குப் போயிட்டார். 1942 கடைசில கார்ல்டன் தியேட்டர்ல 'சியூ ஹாய்டாங்'னு ஒரு நாடகம், இவரும் ஹுவாங் ஜுவோலினும் கூ ஜோங்யியும் சேந்து பண்ணது, மாசக்கணக்கா ஹவுஸ்ஃபுல். அதுக்கு ரெக்கார்டிங்கா இருக்கும்? ஒண்ணும் இல்ல. அதுவும் போச்சு கணக்குல சேத்துக்கோங்க.

பழையபிரிண்ட்:
ஓபரா மேட்டரையும் சேத்துக்கணும். 1948ல ஸ்பிரிங் எடுத்த அதே வருஷம் மெய் லான்ஃபாங்க வச்சு 'ஷெங் ஸி ஹென்', சீனாவோட முதல் கலர் படம். மெய் லான்ஃபாங் பெண் வேஷம் கட்டற பீக்கிங் ஓபரா சக்கரவர்த்தி, ஜப்பான்காரனுக்கு ஆடமாட்டேன்னு சண்டைக்காலம் பூரா மீசை வளத்துட்டு வீட்டுல உக்காந்தவர். படத்த பதினாறு எம்எம்ல கலர்ல எடுத்து முப்பத்தஞ்சா பெருசு பண்ணாங்க, கலர் சரியாவே வரல, எல்லாருக்கும் மனசொடிஞ்சு போச்சு. ஆனா ஒரு விஷயம் பாருங்க, மேடைல அந்தக் கதாநாயகி ராத்திரி பொலம்பற சீனுக்கு ஒரு சின்ன ராட்டை தான் இருக்கும், இவர் அத எடுத்துட்டு பெரிய தறிய வச்சார். ஏன்னா சினிமால நடிகர் நகரணும், சும்மா ராட்டைக்கு முன்னாடி உக்காந்து பாடினா கேமராவுக்கு வேலை இல்ல. மேடைய மதிச்சுக்கிட்டே சினிமாவா மாத்தறது எப்படிங்கற கேள்விய அவர் விடவே இல்ல.

ஸ்பிரிங் அந்தப் பெரிய படத்துக்குப் பக்கத்துல சின்ன செலவுல முடிச்ச படம். லீ தியன்ஜின்னு புது ஆள் எழுதின ஸ்கிரிப்ட், பெரிய ஸ்டார் ஒருத்தரும் இல்ல. காசு செலவழிச்சது மங்கிப் போச்சு, சும்மா எடுத்தது நின்னுடுச்சு.

மொட்டமாடி_மாலா:
எனக்கு ஒரு சந்தேகம், வாய்ஸ் ஓவர் பத்தி. யூவென் தான் கதை சொல்றா. ஆனா டாக்டர் ரயில் ஸ்டேஷன்ல இருந்து நடந்து வர்றதையும் அவளே சொல்றா, அப்ப அவளுக்கு அவன் வர்றதே தெரியாதே? இது டைரக்டர் மிஸ்டேக்கா, இல்ல வேணும்னேவா? ஒரு ஃபிலிம் க்ளப்ல போட்டப்போ இத கேட்டேன், அங்க இருந்த ஒரு பெரியவர் 'பழைய படத்துல லாஜிக் பாக்காதம்மா'ன்னு வாய அடைச்சுட்டார், இன்னும் கடுப்பா இருக்கு.

நிழல்வால்:
@மொட்டமாடி_மாலா சத்தியமா வேணும்னே தான் அக்கா. படம் முதல்ல எங்க ஆரம்பிக்குதுன்னு பாருங்க, டாக்டர் ஊர விட்டுப் போறதுல. அப்பறம்தான் பின்னாடி போகுது. அதாவது எல்லாம் முடிஞ்சப்பறம் அவ மனசுல திரும்பத் திரும்ப ஓட்டிப் பாக்கறா. தான் பாக்காததையும் சேத்து, இப்படித்தான் வந்திருப்பான்னு. சில இடத்துல அவ சொல்றதும் நாம பாக்கறதும் ஒண்ணையே சொல்லும், அவ நடக்கறா, 'நடக்கறேன்'னு வாய்ஸ் வரும். முதல்ல எரிச்சலா இருக்கும், போகப்போக அவ தன்னையே வெளிய நின்னு பாத்துட்டு இருக்கான்னு புரியும்.

அதோட டிசால்வ். ஒரு ஷாட் கரைஞ்சு இன்னொண்ணு வந்தா நேரம் கடந்துடுச்சுன்னு அர்த்தம், எல்லாரும் அப்படித்தான் பண்ணுவாங்க. இவர் ஒரே சீனுக்குள்ள, அதே ரூம், அதே நிமிஷம், கரைக்கறார். ஞாபகம் அப்படித்தான் நகரும் இல்லையா.

ராத்திரிஷோ:
2002ல டியன் ஜுவாங்ஜுவாங்னு ஒரு சீன டைரக்டர் இதையே ரீமேக் பண்ணார். தன்னோட 'ப்ளூ கைட்' படத்துக்காக சீனால தடை வாங்கி பல வருஷம் கதைப்படம் எடுக்காம இருந்துட்டு, திரும்பி வந்தப்போ எடுத்த படம் இது. கேமரா மார்க் லீ பிங்-பின், கலர்ல அவ்ளோ அழகு. ஆனா வாய்ஸ் ஓவர தூக்கிட்டார். மரியாதைக்காக தூக்கினாரா, பயந்து தூக்கினாரான்னு தெரியல, எனக்கு உயிர எடுத்த மாதிரி இருந்துச்சு. வெளிய இருந்து பாத்தா அது வெறும் முக்கோணக் காதல், அவ்ளோதான்.

செங்கோட்டைபாசஞ்சர்:
நான் மாத்தி சொல்றேன், ரீமேக் எனக்குப் புடிச்சது. பழசுல இல்லாத ஒரு நிதானம் அதுல இருக்கு. அடிக்க வராதீங்க.

பழைய படத்துல டாக்டரா நடிச்ச லீ வெய் இருக்காரே, 1990ல வந்த 'ஜூ டோ'ல சாயப்பட்டறை வச்சிருக்கற அந்தக் கொடூரக் கெழவன், கோங் லீய போட்டு சித்ரவதை பண்ணுவானே, அவரேதான். நாப்பது வருஷத்துக்கு முன்னாடி இன்னொருத்தன் பொண்டாட்டிய தொடக்கூடாதுன்னு ரூமுக்கு வெளிய பூட்டுப் போட்டுட்டு நின்னவர்.

டீக்கடைபெஞ்ச்:
அடேய், அவரா இவரு?? இத முதல்லயே சொல்லியிருக்கலாமே.

கன்ஃபூசியஸ் மேட்டர் எனக்குத் தெரியாது, பாக்கறேன். ஆனா 1949க்கு அப்பறம் என்ன ஆச்சுன்னு யாரும் சொல்லல.

பழையபிரிண்ட்:
சுருக்கமா சொல்றேன், நீட்ட ஒண்ணும் இல்ல. 1949ல ஹாங்காங் போனார். நடுவுல பெய்ஜிங் போயிட்டும் வந்தார், புது அரசாங்கத்துக்கு வேலை செய்யலாம்னு. ஒத்துவரல, திரும்பிட்டார். ஹாங்காங்ல லோங்மான்னு ஒரு கம்பெனி, பழைய சிநேகிதர் ஜு ஷிலினோட சேந்து. சர்க்கஸ், கூத்துன்னு ஊர் ஊரா போற ஆட்டக்காரங்க பத்தி ஒரு கதைய கையில எடுத்தார். 1951 ஜனவரி 31, மாரடைப்பு. ஜு ஷிலினும் இன்னொருத்தரும் சேந்து படத்த முடிச்சு 1952ல வெளிய விட்டாங்க. அந்தப் படத்தோட சீனப் பேரு 'ஜியாங்ஹு எர்நியூ'. 2018ல சீன டைரக்டர் ஜியா ஜாங்கே எடுத்த 'ஆஷ் இஸ் ப்யூரஸ்ட் வைட்'டோட சீனப் பேரும் அதேதான், இவர் கிட்ட இருந்து எடுத்தது. ஜியா பிங்யாவோங்கற ஊர்ல நடத்தற ஃபிலிம் ஃபெஸ்டிவல்ல குடுக்கற பரிசுக்கும் ஃபெய் மு பேருதான்.

ஃபெய் முவோட பொண்ணு ஃபெய் மிங்யி ஹாங்காங்ல பெரிய பாடகி, 2017ல இறந்தாங்க. ஜியாவோட ஷாங்காய் டாக்குமென்டரில அவங்களும் யூவெனா நடிச்ச வெய் வெய்யும் பேசுவாங்க. வெய் வெய் 2023 வரைக்கும் இருந்தாங்க.

கடலைமிட்டாய்:
ரெண்டு நாள் கழிச்சு வர்றேன், நேத்து ராத்திரி ஸ்பிரிங் பாத்துட்டேன். சப்டைட்டில் கேவலம், சவுண்ட்ல கொரகொரன்னு இரைச்சல், முதல் இருவது நிமிஷம் ஃபோன எடுத்து எடுத்துப் பாத்தேன், தப்புதான். அந்தத் தங்கச்சி பொறந்தநாள் சீன், எல்லாரும் குடிச்சுட்டு விரல் காட்டி விளையாடறது, அங்க இருந்து ஃபோன தொடல. பொண்டாட்டி சிரிக்கறத புருஷன் பாக்கறான் பாருங்க, எத்தனை வருஷமா அந்தச் சிரிப்ப பாக்கலன்னு அவனுக்கே அப்பதான் தெரியுது. ஒரு வார்த்தை பேசல.

இன்னொண்ணு கவனிச்சேன், யாரும் சொல்லாததால போடறேன். அந்த வயசான வேலைக்காரர் கஷாயம் காய்ச்சின சக்கைய பின்பக்கம் கொண்டுபோய் கொட்டுவார். டாக்டரும் முன்வாசல்ல வரல, அந்தப் பின்பக்கமா தான் உள்ள வர்றான். நான் சும்மா ஓவரா யோசிக்கறேனா?

நிழல்வால்:
இல்ல தம்பி. இன்னொரு தடவ பாரு, இந்தத் தடவ அந்த வேலைக்காரர மட்டும் பாரு.